பேக்லைட் டியூபைச் சோதிப்பது எப்படி: எரிந்தால் மட்டும் போதாது

மானிட்டரை ஆன் செய்ததும் ஒரு வினாடி, இரண்டு வினாடி படம் தெரிகிறது. பிறகு திரை இருண்டுவிடுகிறது. பவர் பட்டன் விளக்கு மட்டும் எரிந்துகொண்டே இருக்கிறது. அணைத்துப் போட்டால் மறுபடியும் அதே இரண்டு வினாடி. திரைக்குப் பின்னால் இருந்து ஒளி தரும் பேக்லைட்டாக எல்இடி பரவுவதற்கு முன்னால், டியூபோடு வந்த எல்சிடி மானிட்டர், லேப்டாப், டிவி எல்லாவற்றிலும் அடிக்கடி வரும் கோளாறு இது. பார்த்தவுடன் "டியூப் போச்சு" என்பார் ஒருவர். "இன்வெர்ட்டர் போச்சு" என்பார் இன்னொருவர். சோதிக்காமல் சொன்னால் இரண்டுமே ஊகம்தான். ஊகத்தை நம்பி நல்ல டியூபைக் கழற்றப் போய், அதை உடைத்து, பேனலையும் கெடுத்துவிட்டு, கடைசியில் ஊதிப்போன ஒரு கெபாசிட்டர்தான் காரணம் என்று தெரியவந்தால் மனம் வலிக்கும். வீட்டு மேசையில் வைத்தே, பெரிய கருவிகள் இல்லாமல், எது பழுது என்று உறுதியாகச் சொல்லிவிட முடியும். அதற்கான வழிகள்தான் இந்தப் பதிவு.

முதலில் ஒரு சொல் விளக்கம். இங்கே இன்வெர்ட்டர் என்றால் கரண்ட் போனால் ஃபேன் ஓட்டும் பேட்டரிப் பெட்டி அல்ல. மானிட்டருக்குள் இருக்கும் 12 முதல் 24 வோல்ட் வரையிலான டிசியை, சில நூறு வோல்ட் ஏசியாக மாற்றி டியூபுக்குக் கொடுக்கும் சிறிய போர்டு. பல மானிட்டர்களில் அது தனியாக இருக்காது, பவர் சப்ளை போர்டிலேயே சேர்ந்திருக்கும்.

டியூபின் பெயர் சிசிஎஃப்எல், குளிர் கேத்தோடு ஒளிர்குழல். மானிட்டரில் இருப்பது பென்சில் லெட் போல 2 முதல் 3 மில்லிமீட்டர் தடிமன்தான் இருக்கும். உள்ளே ஆர்கான், நியான் வாயுக்கள், ஒரு துளி பாதரசம், உட்சுவரில் ஒளிரும் பூச்சு. வீட்டு டியூப் லைட்டில் இரண்டு முனையிலும் இழை உண்டு. இதில் இழை கிடையாது. இரண்டு முனையிலும் சிறிய உலோகக் கிண்ணம் மட்டும்தான். அதனால்தான் தொடங்குவதற்கு 1,000 முதல் 1,500 வோல்ட் வரை தேவைப்படுகிறது. எரியத் தொடங்கியபின் 600, 700 வோல்ட்டில் நின்றுவிடும். ஓடும் மின்னோட்டம் 3 முதல் 8 மில்லி ஆம்பியர். அதிர்வெண் 30 முதல் 80 கிலோஹெர்ட்ஸ் வரை.

இழை இல்லை என்பதை மனதில் வைத்துக்கொண்டால் ஒரு பெரிய தவறு தவிர்ந்துவிடும். மல்டிமீட்டரைக் கன்டினியூட்டியில் (இணைப்பு இருந்தால் பீப் தரும் நிலையில்) வைத்து டியூபின் இரண்டு ஒயர்களைத் தொட்டால் பீப் வராது. புத்தம் புது டியூபிலும் வராது. "ஓப்பன் காட்டுகிறது, டியூப் போய்விட்டது" என்று முடிவு கட்டுவது தவறு. ஓம் மீட்டரால் இந்த டியூபைப் பற்றி எதுவுமே சொல்ல முடியாது.

மீட்டரை இன்வெர்ட்டர் அவுட்புட்டில் வைத்து வோல்ட் பார்ப்பதும் கூடாது. சாதாரண மீட்டரின் ஏசி எல்லை 600 அல்லது 750 வோல்ட். அதுவும் 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்துக்காகச் செய்தது. 50 கிலோஹெர்ட்ஸில் 1,500 வோல்ட் ஏறினால் மீட்டர் பொய் சொல்லும், அல்லது உள்ளே பொறி பறந்து செத்துப்போகும்.

திறப்பதற்கு முன் பார்க்க வேண்டியவை

திரை இருண்ட பிறகு, அறை விளக்கை அணைத்துவிட்டு, டார்ச்சைச் சாய்வாகத் திரையில் அடித்துப் பாருங்கள். மங்கலாகப் படமோ மெனுவோ தெரிந்தால் பேனலும், அதற்குப் படத்தை அனுப்பும் மெயின் போர்டும் வேலை செய்கின்றன, ஒளி மட்டும் இல்லை. எதுவுமே தெரியாவிட்டால் பேக்லைட்டைத் தேட வேண்டாம், கோளாறு வேறு இடத்தில்.

இந்தச் சோதனையைச் சிக்னல் கேபிளோடு செய்யுங்கள். கேபிள் இல்லாத மானிட்டர் சில வினாடி செய்தி காட்டிவிட்டுத் தானாகவே உறக்கத்துக்குப் போகும். அதைப் பேக்லைட் கோளாறு என்று எடுத்துக்கொள்வது மிகச் சாதாரணமாக நடக்கும் பிழை.

அடுத்து, அந்த இரண்டு வினாடியைக் கைபேசியில் வீடியோ எடுங்கள். மானிட்டரில் வெள்ளைத் திரை வரவேண்டும், அறை இருட்டாக இருக்கவேண்டும். பிறகு வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். பெரும்பாலான மானிட்டர்களில் மேல் விளிம்பில் இரண்டு, கீழ் விளிம்பில் இரண்டு என நான்கு டியூப். மலிவானவற்றில் மேலே ஒன்று, கீழே ஒன்று. கீழ்ப்பாதி மட்டும் மங்கலாகவோ செந்நிறமாகவோ இருந்தால் சந்தேகம் கீழ் ஜோடி மீது. நான்கும் சமமாக, பளிச்சென்று எரிந்துவிட்டு ஒரே நேரத்தில் அணைந்தால் டியூபைவிட சப்ளை மீதும் இன்வெர்ட்டர் மீதும் சந்தேகம் அதிகம். கண்ணுக்குப் பிடிபடாத இந்த வேறுபாட்டை வீடியோ அப்படியே காட்டிக்கொடுக்கும். செலவே இல்லாத சோதனை இது, தவறாமல் செய்யுங்கள்.

ஏன் அந்த இரண்டு வினாடி? ஒவ்வொரு டியூப் வழியாகத் திரும்பி வரும் மின்னோட்டத்தையும் இன்வெர்ட்டரில் உள்ள ஐசி என்ற கட்டுப்பாட்டுச் சில்லு கண்காணிக்கிறது. நான்கில் ஒன்றில் மின்னோட்டம் வரவில்லை என்றாலும், ஒன்றிரண்டு வினாடி காத்துவிட்டு மொத்தத்தையும் நிறுத்திவிடும். திருவிழா சீரியல் செட்டில் ஒரு பல்பு போனால் வரிசையே அணைவது போல இருக்கும். ஆனால் இங்கே அது ஒயர் அறுந்ததால் அல்ல, வேண்டுமென்றே செய்யப்பட்ட பாதுகாப்பு. போக வழியில்லாத உயர் மின்னழுத்தம் பொறியாகப் பாயத் தொடங்கினால் பிளாஸ்டிக் எரியும். இந்தப் பாதுகாப்பை ஐசியின் காலை ஷார்ட் செய்து முடக்கும் முறை சில இடங்களில் தீர்வாகவே சொல்லித்தரப்படுகிறது. கோளாறு எது என்று பார்க்க ஒரு நிமிடம்கூட அதைச் செய்யாதீர்கள். வீட்டில் ஆள் இல்லாத நேரத்தில் ஓடும் கருவி அது.

திறக்கும்போது

பிளக்கைப் பிடுங்கியபின் கால் மணி நேரம் விடுங்கள். பவர் போர்டின் பெரிய கெபாசிட்டரில் 230 வோல்ட் மெயின்ஸுக்குச் சுமார் 325 வோல்ட் டிசி தேங்கி நிற்கும். மீட்டரை டிசி 1,000 வோல்ட் எல்லையில் வைத்து அதன் இரு கால்களையும் பாருங்கள். இன்னும் மிச்சம் இருந்தால் 10 கிலோ ஓம், 5 வாட் ரெசிஸ்டரை நன்கு காப்பிட்ட ஒயரால் பத்து வினாடி குறுக்கே வைத்தால் இறங்கிவிடும். ஸ்க்ரூ டிரைவரால் ஷார்ட் செய்வது வேண்டாம்.

போர்டு திறந்திருக்கும்போது மின்சாரம் கொடுத்துச் செய்யும் சோதனைகளில் ஒரு கை சட்டைப் பையிலோ முதுகுக்குப் பின்னாலோ இருக்கட்டும். காலில் ரப்பர் செருப்பு, மேசை மரம். உயர் அதிர்வெண் மின்சாரம் வழக்கமான ஷாக் போல உதறித் தள்ளாது. தோலில் ஊசி குத்தியதுபோல் சுட்டு, ஆழமான தீப்புண் போடும். இன்வெர்ட்டர் சேர்ந்த பவர் போர்டில் மெயின்ஸ் பகுதியும் சில அங்குலத் தொலைவிலேயே இருப்பதால் இதில் சலுகையே கிடையாது. மீட்டர் முனையை முதலில் வைத்துவிட்டு, கையை எடுத்தபின் ஆன் செய்யுங்கள்.

சப்ளையைப் பார்க்காமல் டியூபைத் தொடாதீர்கள்

இன்வெர்ட்டருக்குள் வரும் டிசி வோல்ட்டேஜை முதலில் பாருங்கள். மானிட்டரில் பெரும்பாலும் 12 முதல் 16 வோல்ட், டிவியில் பெரும்பாலும் 24 வோல்ட். போர்டில் எழுதியிருக்கும். ஆன் செய்த நொடியில் அது சற்றே அசைந்துவிட்டு நிலையாக நின்றால் சரி. 12 வோல்ட் 9க்கு விழுந்து, திரை அணைந்ததும் மறுபடி 12க்கு ஏறினால், சுமை தாங்காத சப்ளை அது. சூட்டை வெளியேற்றும் ஹீட்சிங்க் தகட்டின் ஓரமாக நிற்கும் 470, 1,000 மைக்ரோஃபாரட் கெபாசிட்டர்களின் தலையைப் பாருங்கள். தட்டையாக இல்லாமல் உப்பியிருந்தாலோ, அடியில் பழுப்பாகக் கசிந்திருந்தாலோ மாற்றுங்கள். 105 டிகிரி, குறைந்த ஈஎஸ்ஆர் (உள் மின்தடை) வகையாக, அதே மைக்ரோஃபாரட், அதே அளவோ அடுத்த படியோ வோல்ட்டேஜ் உள்ளதாக இருக்க வேண்டும். உப்பாமலும் கெட்டுப்போவது உண்டு. அதனால் ஒன்று உப்பியிருந்தால் அதே வரிசையில் உள்ள எல்லாவற்றையும் மாற்றுவதுதான் நல்லது. டியூப் பழுது என்று தூக்கிப் போடப்படும் மானிட்டர்களில் பல இந்த இடத்திலேயே உயிர் பெற்றுவிடும்.

பிறகு இன்வெர்ட்டருக்கு மெயின் போர்டு அனுப்பும் ஆணை. போர்டில் இஎன்ஏ, ஆன்-ஆஃப் அல்லது பிஎல்-ஆன் என்று அச்சிட்டிருக்கும். பேக்லைட் வேண்டும்போது அங்கே 3 முதல் 5 வோல்ட் வரும். திரை இருண்ட பிறகும் அந்த வோல்ட்டேஜ் அப்படியே இருந்தால், மெயின் போர்டு ஒளி கேட்டுக்கொண்டே இருக்கிறது, இன்வெர்ட்டர்தான் கைவிட்டது என்று பொருள். திரை இருளும்போதே அதுவும் பூஜ்யமானால் கோளாறு மெயின் போர்டு பக்கம். பக்கத்தில் டிம் அல்லது ஏடிஜே என்று இருப்பது வெளிச்ச அளவு. சில போர்டுகளில் வோல்ட் ஏற ஏற வெளிச்சம் கூடும், சிலவற்றில் குறையும்.

டெஸ்டர்

இதுவரை எல்லாம் சரி என்றால் டியூபின் முறை. டியூபைப் பேனலில் இருந்து கழற்ற வேண்டியதில்லை. அதன் ஒயர்க் கனெக்டரை இன்வெர்ட்டரில் இருந்து உருவி, வேறொரு இன்வெர்ட்டரில் போட்டு எரித்துப் பார்த்தால் போதும். அந்த "வேறொரு இன்வெர்ட்டர்"தான் டெஸ்டர்.

சென்னை ரிச்சி தெருவிலும் இணையக் கடைகளிலும் லேப்டாப்புக்கான ஒற்றை அவுட்புட் இன்வெர்ட்டர் போர்டு தனியாகக் கிடைக்கும். நான்கு ஒயர்கள்: பாசிட்டிவ், கிரவுண்ட், இஎன்ஏ, டிம். 12 வோல்ட், 2 ஆம்பியர் அடாப்டரில் இருந்து பாசிட்டிவ் ஒயரில் 1 ஆம்பியர் ஃபியூஸ் போட்டு இணையுங்கள். இஎன்ஏவுக்கும் டிம்முக்கும் 12 வோல்ட்டை நேராகக் கொடுக்காதீர்கள். 7805 ரெகுலேட்டர் ஒன்றை வைத்து 5 வோல்ட்டாக்கிக் கொடுங்கள். எல்லாவற்றையும் ஒரு பிளாஸ்டிக் பெட்டியில் அடைத்து, அவுட்புட் சாக்கெட் மட்டும் வெளியே தெரியும்படி வையுங்கள். கனெக்டர் பெரிய வாய், சின்ன வாய் என்று வரும். இரண்டுக்கும் சாக்கெட் வைத்துக்கொண்டால் நல்லது.

காசு செலவழிக்க விரும்பாதவர்களுக்கு வேறு வழி: கெட்டுப்போன பழைய ஃப்ளாட்பெட் ஸ்கேனர். அதன் நகரும் வண்டிக்குள் இதே வகை டியூபும், பெரும்பாலும் 12 வோல்ட்டில் ஓடும் குட்டி இன்வெர்ட்டரும் இருக்கும். ஒரே கல்லில் டெஸ்டரும் கிடைத்தது, நல்லது என்று தெரிந்த ஒரு டியூபும் கிடைத்தது. அந்த இரண்டாவதன் மதிப்பு கீழே புரியும். கணினிக் கேபினெட்டை அலங்கரிக்கப் போடும் 12 வோல்ட் குளிர் கேத்தோடு விளக்கு செட்டும் இதே வேலைக்கு ஆகும்.

ஒயரை நீட்டிப் போட ஆசை வரும், வேண்டாம். 50 கிலோஹெர்ட்ஸில் ஒயருக்கும் பக்கத்தில் உள்ள உலோகத்துக்கும் இடையே மின்னோட்டம் கசிந்துவிடும். டியூபுக்குப் போய்ச் சேருவது குறையும், நல்ல டியூபும் மங்கலாகத் தெரியும். ஒரு சாண் நீளத்துக்குள் வைத்துக்கொண்டு, பேனலின் தகட்டில் படாமல் தூக்கி நிறுத்துங்கள். சாதாரண ஹூக்-அப் ஒயர் இந்த மின்னழுத்தத்தைத் தாங்காது. பழைய பேனலில் இருந்து வெட்டியெடுத்த ஒயரையே பயன்படுத்துங்கள்.

எரிவதைப் படிப்பது

டியூபை டெஸ்டரில் போட்டதும் எரிந்துவிட்டால் "நல்லது" என்று ஒதுக்கிவிடாதீர்கள். இந்த வேலையில் தடுமாறும் இடமே இதுதான். பழுதான டியூப்களில் பல எரியவே செய்யும். டெஸ்டர் ஒரு டியூபுக்குத் தன் முழுத் திறனையும் கொடுக்கிறது. மானிட்டரின் இன்வெர்ட்டர் அப்படிக் கொடுக்காது, மின்னோட்டம் அளவு தவறினால் பொறுக்கவும் செய்யாது. அதனால் நான்கு டியூபையும் ஒன்றன்பின் ஒன்றாக, ஒவ்வொன்றையும் பத்து நிமிடமாவது எரியவிட்டு, ஒன்றோடு ஒன்று ஒப்பிட வேண்டும். ஒரே வயது, ஒரே நேரம் ஓடிய நான்கு சகோதரர்கள் அவை. மூன்று ஒரு மாதிரியும் ஒன்று வேறு மாதிரியும் இருந்தால் அந்த ஒன்றுதான் குற்றவாளி. எரிந்த டியூபுக்கு நீங்கள் தரும் சான்றிதழ் இந்த ஒப்பீட்டில் இருந்து மட்டுமே வரவேண்டும்.

என்ன பார்க்க வேண்டும்? தொடங்கும் வேகம் முதலில். நல்ல டியூப் சுவிட்ச் போட்டதும் முழு நீளமும் பற்றிக்கொள்ளும். ஒரு முனையில் துடித்துவிட்டுப் பிறகு பரவினால் அது தளர்ந்துவிட்டது.

நிறம் அடுத்தது. இளஞ்சிவப்பாகத் தொடங்கி மெல்ல வெள்ளைக்கு வந்தால் பாதரச ஆவி போதவில்லை என்று பொருள். வெள்ளை ஒளி தருவது பாதரசத்தின் புற ஊதாக் கதிர் பூச்சின்மேல் படுவதால். பாதரசம் குறைந்தால் நியான், ஆர்கானின் சொந்த நிறம் மேலோங்கும். ஆனால் இடத்தையும் காலத்தையும் பார்த்துத் தீர்ப்புச் சொல்லுங்கள். மார்கழிக் காலையில் ஊட்டியில் முதல் நிமிடம் சிவப்படிப்பது நல்ல டியூபுக்கும் நடக்கும். குளிரில் பாதரசம் ஆவியாவது குறைவு. சென்னை வெயிலில் ஐந்து நிமிடம் ஆகியும் இளஞ்சிவப்பு போகவில்லை என்றால் அந்த டியூப் முடிந்தது.

மூன்றாவது, முனைகள். வீட்டு டியூப் லைட்டின் ஓரம் கருப்பதைப் பார்த்திருப்பீர்கள். இதிலும் அதுவே நடக்கிறது. கிண்ணத்தின் உலோகம் அணு அணுவாகத் தெறித்துக் கண்ணாடியில் படிகிறது. படிந்த உலோகம் பாதரசத்தையும் பிடித்து வைத்துக்கொள்வதால் கருப்பும் சிவப்பும் சேர்ந்தே வரும். இரண்டு, மூன்று மில்லிமீட்டர் சாம்பல் நிறம் பழைய டியூபில் இயல்பு. ஒரு சென்டிமீட்டர் கருத்திருந்தால் மாற்ற வேண்டியதுதான். பேனலுக்குள் இருக்கும் டியூபின் முனை கண்ணில் படாது. அப்போது திரையின் ஓரங்களில் பழுப்பு நிழல் விழுகிறதா என்று பாருங்கள்.

ஒரு முனை பளிச்சென்றும் மறுமுனை மங்கியும் இருந்தால் உடனே டியூபைக் குறை சொல்லாதீர்கள். மின்னோட்டம் வழியிலேயே உலோகப் பிரதிபலிப்பானுக்குக் கசிந்தால் இப்படி ஆகும். டிம்மைக் குறைத்து வைத்திருந்தால் நல்ல டியூபும் இப்படிக் காட்டும். முழு வெளிச்சத்திலும் மாறவில்லை என்றால் கனெக்டரைத் திருப்பிப் போட்டுப் பாருங்கள். மங்கல் மறுமுனைக்கு மாறினால் அது கசிவு. அதே முனையில் நின்றால் டியூப்.

பகலில் பாஸ் ஆகி, மானிட்டருக்குள் போனதும் தோற்கும் டியூப்கள் உண்டு. வெளிச்சத்தில் இருக்கும் டியூபில் ஒளி பட்டு ஒன்றிரண்டு எலெக்ட்ரான்கள் ஏற்கனவே விடுபட்டிருக்கும். அவை தொடக்கத்தை எளிதாக்கும். பேனலுக்குள் முழு இருட்டு, அந்த உதவி கிடையாது. ஆகவே கடைசிச் சோதனையாக, டியூபைக் கறுப்புத் துணியால் மூடி அரைமணி நேரம் அணைத்து வைத்துவிட்டு, துணியை எடுக்காமலே ஆன் செய்யுங்கள். ஓரமாக எட்டிப்பார்த்தால் உடனே பற்றுகிறதா, தாமதிக்கிறதா என்று தெரியும். இரவு முழுக்க அணைத்து வைத்த மானிட்டர் காலையில் மட்டும் தகராறு செய்து, பகலில் ஒழுங்காக ஓடுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

மில்லி ஆம்பியரை அளக்க

கண்ணை மட்டும் நம்ப வேண்டாம் என்பவர்களுக்கு மூன்றே வகை பாகங்களில் ஒரு சிறு சுற்று. டியூபின் திரும்பும் ஒயரில், அதாவது கிரவுண்ட் பக்கத்தில் இது சேரவேண்டும். 1என் 4148 டையோடு ஒன்றை அந்த ஒயரில் தொடராகப் போடுங்கள். இன்னொரு 1என் 4148 எதிர்த்திசையில் கடத்த வேண்டும். அதோடு தொடராக 1 கிலோ ஓம் ரெசிஸ்டர், ரெசிஸ்டருக்குக் குறுக்கே 1 மைக்ரோஃபாரட் கெபாசிட்டர். இந்த இரண்டாவது கிளை முதல் டையோடுக்கு இணையாக நிற்கவேண்டும். ஒரு பாதி அலை முதல் டையோடு வழியாகவும், மறுபாதி ரெசிஸ்டர் வழியாகவும் போகும். ரெசிஸ்டருக்குக் குறுக்கே மல்டிமீட்டர், டிசி 20 வோல்ட் எல்லை. காட்டும் வோல்ட்டை 2.2 ஆல் பெருக்கினால் மில்லி ஆம்பியர். 2.7 வோல்ட் என்றால் சுமார் 6 மில்லி ஆம்பியர்.

எல்லா இணைப்பையும் ஈயம் வைத்து உறுதியாக்கிய பின்தான் ஆன் செய்ய வேண்டும். கிரவுண்ட் பக்கம் அறுந்தால் மீட்டர் முழுக்க உயர் மின்னழுத்தம் ஏறும். ஒற்றை டியூப் உள்ள லேப்டாப் பேனலில் குட்டையான தடித்த ஒயர் உயர் மின்னழுத்தம், பின்புறமாக நீண்டு வரும் மெல்லியது திரும்பும் ஒயர். ஒயர் நிறத்தை நம்பாதீர்கள், ட்ரான்ஸ்ஃபார்மர் வரை தடம்பிடித்துப் பாருங்கள். பெரிய டிவி டியூப்களில் இரண்டு முனையிலும் உயர் மின்னழுத்தம் கொடுக்கும் அமைப்பு உண்டு. அங்கே இந்தச் சுற்றைப் போடவே கூடாது.

மூன்று டியூப் 5.8, 6.0, 5.9 என்று வந்து நான்காவது மட்டும் 4.1 வந்தால் வேறு சாட்சி தேவையில்லை.

இன்வெர்ட்டரா, டியூபா?

டெஸ்டர் இல்லாவிட்டாலும், நல்லது என்று தெரிந்த ஒரு டியூப் கையில் இருந்தால் மானிட்டரின் இன்வெர்ட்டரிலேயே தீர்ப்பு வாங்கலாம். டியூப்களைத் தங்களுக்குள் இடம் மாற்றிப் போடுவதால் பயனில்லை. எந்த சாக்கெட்டில் பழுதான டியூப் இருந்தாலும் மொத்தமும் அணையும், மாறுதல் எதுவும் தெரியாது. மாறாக, முதல் சாக்கெட்டில் இருப்பதை உருவி, அங்கே நல்ல டியூபைப் போட்டு ஆன் செய்யுங்கள். அணைந்தால், பழையதைத் திரும்பப் போட்டுவிட்டு இரண்டாவது சாக்கெட். இப்படி நான்கு. எந்த இடத்தில் நல்ல டியூப் இருக்கும்போது பேக்லைட் அணையாமல் எரிகிறதோ, அங்கிருந்து எடுத்ததுதான் பழுது. நீளம் சற்றுக் கூடக் குறைய இருந்தாலும் சில நிமிடச் சோதனைக்குப் பரவாயில்லை. டியூபைத் தகட்டில் படாமல் உலர்ந்த மரத்தின்மேல் வையுங்கள். நான்கு இடத்திலும் அணைந்தால் ஒன்றுக்கு மேற்பட்ட டியூப் போயிருக்கிறது, அல்லது இன்வெர்ட்டர்.

நல்ல டியூபும் இல்லையா? 10 கிலோ ஓம், 1 வாட் ரெசிஸ்டர் பன்னிரண்டு வாங்கி, ஒன்றோடு ஒன்று நேர்கோட்டில் தொடராக ஈயம் வையுங்கள். மொத்தம் 120 கிலோ ஓம். 6 மில்லி ஆம்பியர் ஓடினால் 720 வோல்ட், அதாவது ஒரு டியூபின் சுமை. ஒவ்வொரு ரெசிஸ்டரிலும் 60 வோல்ட்தான் விழும், வெப்பமும் 0.36 வாட்தான். ஒரே ஒரு 120 கிலோ ஓம் ரெசிஸ்டரைப் போட்டால் அந்த மின்னழுத்தத்தை அது தாங்காது. பன்னிரண்டாகப் பிரிப்பதன் காரணம் அதுதான். ஈய முனைகள் கூராக நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது. டியூபுக்குப் பதில் இந்தச் சரத்தைச் செருகி, மேலே சொன்னபடியே சாக்கெட் சாக்கெட்டாக நகர்த்துங்கள். ஒரு குறை மட்டும் உண்டு. ரெசிஸ்டருக்குத் தொடக்க மின்னழுத்தம் தேவையில்லை. அதனால் 700 வோல்ட் கொடுக்க முடிந்தும் 1,200க்கு ஏற முடியாத பலவீனமான இன்வெர்ட்டர் இந்தச் சோதனையில் தப்பித்துவிடும்.

இன்வெர்ட்டர் மீது சந்தேகம் திரும்பினால், மின்சாரத்தைத் துண்டித்து, கெபாசிட்டர் இறங்கியபின், டியூப் கனெக்டர்களையும் உருவிவிட்டு, ஒவ்வொரு ட்ரான்ஸ்ஃபார்மரின் செகண்டரியையும் (டியூபுக்கு உயர் மின்னழுத்தம் தரும் சுருளையும்) ஓம் மீட்டரில் பாருங்கள். பல நூறு ஓம் முதல் ஆயிரத்துச் சொச்சம் ஓம் வரை இருக்கும். எண் எவ்வளவு என்பது முக்கியமில்லை, எல்லாம் சமமாக இருக்கவேண்டும். மூன்று 820, 825, 818 என்று வந்து நான்காவது ஓப்பன் என்றால் உள்ளே கம்பி அறுந்திருக்கிறது. 600 வந்தால் சுற்றுகள் தங்களுக்குள் ஷார்ட். கனெக்டர் சாக்கெட்டின் அடியில் லென்ஸ் வைத்து டிரை சால்டர் வளையம் (ஈயம் விட்டுப்போன வட்ட விரிசல்) இருக்கிறதா என்றும் பாருங்கள். ட்ரான்ஸ்ஃபார்மர் கால்களில் இது அடிக்கடி வரும், மறுபடி ஈயம் வைத்தாலே போதும்.

ரப்பர் மூடிக்குள்

டியூப் நல்லது, இன்வெர்ட்டர் நல்லது, ஆனாலும் அணைகிறது என்றால் மிச்சம் இருப்பது டியூபும் ஒயரும் சேரும் இடம். டியூபின் முள் போன்ற கம்பியில் ஒயரை ஈயத்தால் சேர்த்து, மேலே சிலிக்கான் ரப்பர் மூடி போட்டிருப்பார்கள். வருடக்கணக்கான சூட்டில் அந்த ஈயம் வெடித்து, தலைமுடி அளவு இடைவெளி விழும். காதை அருகே வைத்தால் மெல்லிய சீறல் கேட்கும், ஓசோன் வாடை வரும். மூடியைத் தள்ளினால் கருகிய புள்ளி தெரியும். இப்படிப் போன டியூபைக் காப்பாற்றலாம். கம்பியைப் பிளேடால் சுரண்டி, ஃப்ளக்ஸ் தடவி, மூன்று வினாடிக்குள் ஈயம் வைத்து முடியுங்கள். அதற்குமேல் சூடு போனால் கம்பி நுழையும் இடத்தில் கண்ணாடி விரிசல் விட்டு வாயு போய்விடும். கருகிய ரப்பரைத் திரும்பப் போடாதீர்கள். கரி மின்சாரம் கடத்தும்.

லேப்டாப்பில் ஒரு டியூப்தான், ஆனால் சந்தேக நபர்கள் அதிகம். மூடியைச் சாய்க்கும் கோணத்துக்கு ஏற்ப ஒளி வந்து போனால் கீல் வழியாகப் போகும் கேபிள். மூடியை மூடினால் ஒளியை அணைக்கும் காந்த சுவிட்ச் சிக்கிக்கொண்டாலும் திரை இருண்டே இருக்கும். இளஞ்சிவப்பில் தொடங்கி அணைந்தால் மட்டுமே நேராக டியூபுக்குப் போகலாம். டிவியில் பத்துக்கு மேற்பட்ட டியூப்கள் திரைக்கு நேர் பின்னால் வரிசையாக நிற்கும். அவற்றைக் கழற்ற பேனலையே பிரிக்க வேண்டும், தூசி புகுந்தால் திரும்பாது. வெளியில் இருந்தே இன்வெர்ட்டர் சோதனைகளை முடித்து, டியூப்தான் என்று உறுதியானால் மட்டும் பிரியுங்கள்.

டியூப் உடைந்தால்

உடையும். 2 மில்லிமீட்டர்க் கண்ணாடி அது. ஐரோப்பிய விதியில் 500 மில்லிமீட்டர் வரை நீளமுள்ள டியூபுக்குப் பாதரச வரம்பு 3.5 மில்லிகிராமாகவும், 1,500 மில்லிமீட்டர் வரை 5 மில்லிகிராமாகவும் இருந்தது. சிறிய அளவுதான். ஆனால் குழந்தைகள் தவழும் தரையில் அது சிறியதல்ல. ஃபேனை அணைத்து, ஜன்னலைத் திறந்து, எல்லாரையும் கால் மணி நேரம் வெளியே அனுப்புங்கள். துடைப்பமும் வேக்யூம் கிளீனரும் வேண்டாம், பாதரசத்தை அறை முழுக்கப் பரப்பிவிடும். கையுறை போட்டு, கெட்டி அட்டையால் சில்லுகளை வாரி, தூளை ஒட்டும் டேப்பால் ஒற்றியெடுத்து, ஈரத்தாளால் துடைத்து, எல்லாவற்றையும் மூடியுள்ள கண்ணாடி ஜாடியில் போடுங்கள். இந்தியாவில் 2016 மின்கழிவு விதிகளிலேயே பாதரச விளக்குகளும் சேர்க்கப்பட்டுவிட்டன. எனவே உடைந்ததும் உடையாததும் குப்பைத் தொட்டிக்கு அல்ல, மின்கழிவு சேகரிக்கும் இடத்துக்கே போக வேண்டும்.

மாற்று டியூப் வாங்கும்போது கண்ணாடியின் நீளத்தை மில்லிமீட்டரில் அளந்து, தடிமனையும் சேர்த்துக் கேளுங்கள். அங்குலக் கணக்கில் கேட்டால் தவறாகத்தான் வரும். 17 அங்குலச் சதுர மானிட்டருக்குப் பெரும்பாலும் 342 மில்லிமீட்டர், 15.4 அங்குல அகல லேப்டாப்புக்கு 334. ஆனாலும் உங்கள் டியூபை அளக்காமல் வாங்காதீர்கள். ஒரு விளிம்பில் இரண்டு இருந்தால் இரண்டையும் சேர்த்தே மாற்றுங்கள். பழையதும் புதியதும் பக்கத்தில் நின்றால் நிறமும் வெளிச்சமும் ஒத்துவராது. சரியான நீளத்தில் டியூப் கிடைக்கவில்லை என்றால் விளிம்பில் ஒட்டும் எல்இடி பட்டையும் அதற்கான டிரைவர் போர்டும் சேர்ந்த செட் வாங்கலாம். இஎன்ஏ, டிம் ஒயர்களை அதற்கு மாற்றி, பழைய இன்வெர்ட்டருக்குப் போகும் டிசியைத் துண்டித்துவிட வேண்டும். துண்டிக்காமல் விட்டால், சுமை இல்லாத அந்த இன்வெர்ட்டர் ஒவ்வொரு முறை ஆன் செய்யும்போதும், பாதுகாப்பு நிறுத்தும் வரை, வெறும் சாக்கெட்டில் ஆயிரம் வோல்ட்டைத் தள்ளக்கூடும்.